இதோடு வேறென்ன?

கையை உயர்த்தினால் போதும், உடனே எல்லாவற்றையும் கழற்றிவிடுவேன் என்று சொல்லிவிட்டுத்தான் ஒப்பனைக்காரி மனோன் நிரூபனின் வாயை மூடினாள். கண் அதற்கு முன்பே போய்விட்டது. நெற்றியில் தொடங்கி, இமைகளின் மேல் தடவி, கன்னத்தால் இறங்கி, மூக்கின் இரண்டு துவாரங்களை மட்டும் விட்டுவிட்டு முக அச்சு எடுக்கிற அந்தக் குளிர்ந்த களி உதட்டுக்கு வந்து சேர்ந்தபோது, பல் வைத்தியரின் நாற்காலியில் வரும் அதே புதினா மணம் வந்தது. இனி அசையக் கூடாது, சிரிக்கக் கூடாது, விழுங்குவதென்றாலும் யோசித்து மெதுவாக விழுங்க வேண்டும். அப்படிச் சொன்ன மறுகணமே வாய் நிறைய எச்சில் ஊறுகிறது, இந்த உடம்புக்குச் சொன்னதற்கு எதிராக நடக்கத்தான் எப்போதும் தெரியும், காலையில் முதல் தடவை செய்தபோது பாதியில் தும்மி எல்லாவற்றையும் பாழாக்கியதும் இதே உடம்புதான். இது கடைசிக் களிப் பை, நிரூ, இதுவும் கெட்டால் நாளைக்கு உன்னையேதான் பெட்டிக்குள் படுக்க வைக்கவேண்டி வரும் என்று மனோன் சிரித்துக்கொண்டு சொன்னாள். அவளுக்கு அது பகிடி. மொன்றியலில் பிரெஞ்சுத் தொலைக்காட்சி பார்க்கிற எல்லாருக்கும் தெரிந்த மூலைக்கடைக்காரர் முஸ்யே பாலா தொடரின் இந்தப் பருவத்தோடு செத்துப்போகிறார், பத்து வருஷத்துக்கு மேலாக அவராக நடித்துவருகிறவன் நிரூபன், அவரைச் சாகடித்து வசனம் எழுதியவனும் நிரூபன், போன இலையுதிர் காலத்தில், சமையலறை மேசையில் இருந்து, நல்ல சந்தோஷமாக, தேத்தண்ணி குடித்துக்கொண்டு எழுதினான். நாளைக்குச் சவப்பெட்டிக் காட்சி. அதற்குள் வைக்கிற பொம்மைக்கு ஒரு முகம் வேண்டியிருந்தது.

பொம்மை தேவையே இல்லை, அவனே படுத்திருக்கலாம், இயக்குநர் முதலில் கேட்டதும் அதைத்தான், மூச்சை அடக்கிப் படுக்க எந்த நடிகனுக்கும் தெரியும். அம்மாதான் விடவில்லை. வீட்டில் சும்மா பேச்சோடு பேச்சாகச் சொன்னான், நாளைக்குப் பெட்டிக்குள்ளை படுக்க வேணும் அம்மா எண்டு, அவ கையில் இருந்த அகப்பையை அப்படியே சட்டிக்குள் விட்டுவிட்டா. உயிரோடை இருக்கிற பிள்ளை பெட்டிக்குள்ளை படுக்கிறதோ, உனக்கென்ன விசரே, உந்த வேலையே வேண்டாம் எண்டு வந்திடு. நடிப்புத்தானே அம்மா. நடிப்போ என்னவோ, படுத்தால் படுத்ததுதான், பெட்டிக்குத் தெரியுமே நீ நடிக்கிறாய் எண்டு. பெட்டிக்குத் தெரியுமா என்ற கேள்விக்கு நாடகப் பள்ளியில் அவனுக்கு யாரும் பதில் சொல்லித் தந்திருக்கவில்லை. அதனால்தான் மனோன், அதனால்தான் இந்தக் களி, அதன் மேல் இப்போது ஈரமான சாந்துத் துணிகளை ஒவ்வொன்றாக ஒட்டுகிறாள், தலை பாரமாகிக்கொண்டு வருகிறது, காதையும் சேர்த்துத் தொப்பி போட்டிருப்பதால் சத்தமெல்லாம் தண்ணீருக்கு அடியில் இருந்து கேட்பதுபோலக் கேட்கிறது. அப்போதுதான் அவனுடைய தொடையில் அது துடித்தது. ஒருமுறை, இன்னொருமுறை. மேலே நெகிழித் துணி போர்த்தியிருக்கிறது, அதற்குக் கீழே காற்சட்டைப் பைக்குள் போன். போனை மனோனிடம் கொடுக்காமல் விட்டதே அம்மா அழைத்தால் எடுக்கத்தான், எடுத்தால் எதனால் கதைப்பது என்று மட்டும் அவனுக்கு யோசனை வரவில்லை.

அம்மாவாகத்தான் இருக்கும். அம்மா இல்லாமலும் இருக்கலாம், தயாரிப்பு அலுவலகமாக இருக்கலாம், மின்சாரக் கம்பனியாக இருக்கலாம், ஏதாவது விளம்பரக்காரனாக இருக்கலாம், கடவுளே, விளம்பரக்காரனாக இருக்கட்டும். போன் நின்றது. பார்த்தாயா, விளம்பரக்காரன்தான். திரும்பவும் துடித்தது. அம்மா வேலை நேரத்தில் எடுக்க மாட்டா, எடுத்தாலும் ஒருக்கா அடித்துவிட்டு, பிள்ளை வேலையாய் இருக்கிறான் எண்டு வைத்துவிடுவா, திரும்பத் திரும்ப எடுக்கிற ஆள் இல்லை. அப்பா தன் மூலைக்கடையில் விழுந்த அன்றைக்குக்கூட அவ ஒருதரம்தான் எடுத்தவ. அதற்குப் பிறகு மூன்று கிழமையாக அப்பா ஆஸ்பத்திரியில், வலப்பக்கம் அசைவில்லை, பேச்சு இல்லை, கண் மட்டும் கதவைப் பார்த்தபடி. சொல்வது கொஞ்சம் விளங்குகிறது, சொல்லத்தான் முடியவில்லை, சொற்கள் உள்ளே இருக்கின்றன, வழிதான் அடைபட்டுவிட்டது என்று டாக்டர் தன் தலையைத் தொட்டுக் காட்டினார். இன்றைக்குக் காலையில் இன்னொரு ஸ்கான். மூளையில் இரத்தம் திரும்பக் கசிகிறதோ என்று பார்க்கிறார்களாம். கசிந்தால் என்ன செய்வீர்கள் என்று நிரூபன் கேட்டான், பார்ப்போம் என்றார் டாக்டர். பார்ப்போம் என்றால் என்ன. எதைப் பார்ப்பீர்கள், எந்தக் கண்ணால், இங்கே எனக்குக் கண்ணையே மூடிவிட்டார்கள். அப்பா விழுந்ததும் கல்லாவுக்குப் பின்னால். முஸ்யே பாலா விழுவதும் கல்லாவுக்குப் பின்னால், அதை அவன் எழுதி முடித்தது அப்பா விழுவதற்கு இரண்டு மாதம் முன்பு. அவன் முன்பே எழுதிவிட்டான் என்பது அம்மாவுக்குத் தெரியாது. தெரிந்தால் பெட்டிக்குத் தெரியுமே என்று கேட்டவ, கடதாசிக்குத் தெரியுமே என்றும் கேட்பா. எழுதினதால் விழவில்லை, பிரஷரால் விழுந்தார், உப்பைக் குறை குறை என்று எத்தனை தரம் சொன்னது. பிரஷராலதான். ஆனாலும் கல்லாவுக்குப் பின்னால் என்று ஏன் எழுதினாய், வாசலில் விழுந்திருக்கலாம், பாலத்தில் கார் மோதியிருக்கலாம், ஊரிலே ஆயிரம் சாவு இருக்க.

"மூச்சு வருதுதானே, நிரூ? வந்தால் பெருவிரலைக் காட்டு," என்றாள் மனோன் எங்கோ தூரத்தில். மடியில் இருந்த கையின் பெருவிரலைக் காட்டினான். எல்லாம் நலம் என்று சொல்ல ஒரு விரல் போதுமாக இருக்கிறது. எப்போதுமே அவன் அப்படித்தான், தொல்லை கொடுக்காத நடிகன் என்று பெயர் எடுத்தவன், மழைக்குள் நில் என்றால் நிற்பான், சாப்பாடு பிந்தினால் கேட்க மாட்டான். நாடகப் பள்ளியில் பழைய பிரெஞ்சு நாடகங்களின் அரசர்களை எல்லாம் நடித்துவிட்டு வெளியே வந்தால் டாக்ஸி ஓட்டுநர், சமையற்காரன், இன்னொரு டாக்ஸி ஓட்டுநர், விமான நிலையத்தில் சந்தேகத்தின் பேரில் பிடிபடுகிறவன். ஐந்து வயதில் வந்து, இங்கத்தைச் சட்டப்படி பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்துக்குப் போய், பனிக்குள் புரண்டு வளர்ந்தவன், கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் அவனுடைய பிரெஞ்சு மனோனுடைய பிரெஞ்சுதான். அதுதான் குறையாகிப் போனது. கடைக்காரர் வேஷத்துக்குத் தெரிவு நடந்த அன்று அவன் வசனத்தைச் சொல்லி முடித்ததும் தெரிவு செய்ய இருந்த அம்மையார் தலையைச் சரித்து, நல்லாயிருக்கிறது, ஆனால் இன்னும் கொஞ்சம் உங்கள் வீட்டில் பேசுவது மாதிரிப் பேசலாமே என்றா. வீட்டில் நாங்கள் தமிழ் கதைக்கிறது என்று சொல்ல வாய் வந்தது. அதற்குப் பதிலாக மூச்சை இழுத்துவிட்டு அப்பாவின் குரலில் பேசினான். அப்பா தன் மூலைக்கடைக்கு வருகிற ஒவ்வொருவரும் சாமானைக் கல்லாவில் வைத்ததும் கேட்கிற ஒரு கேள்வி இருக்கிறது, ஏ அவெக்கு சா, இதோடு வேறென்ன என்று கேட்பது, பிரெஞ்சுக்காரர் வெட்டிச் சொல்லுகிற இடத்தில் அப்பா ஒரு உகரத்தை வைத்து மெத்தென்று இறக்குவார். அந்த உகரத்தோடு சொன்னான். அறையில் இருந்த எல்லாரும் சிரித்தார்கள். இரண்டு நாள் வேஷம் என்றுதான் கூப்பிட்டார்கள், அந்த ஒரு கேள்வியால் பத்து வருஷம் ஓடியது. கடைக்குள் யானைப் படம் மாட்டி ஊதுபத்தி கொளுத்துகிற மாதிரி யாரோ எழுதி வைத்திருந்ததை எல்லாம் வெட்டித் திருத்தித் திருத்தியே எழுத்தாளனும் ஆனான். வடக்கே சுரங்க ஊர் ஒன்றில் பனி அள்ளுகிற வண்டி ஓட்டுபவனைப் பற்றித் தனியாக ஒரு திரைக்கதையும் எழுதினான், நான்கு வரைவு, அதைப் படித்தவர்கள் அழகு, மிக அழகு, ஆனால் இதில் நீங்கள் எங்கே இருக்கிறீர்கள் என்று கேட்டார்கள். எங்கே இருக்கிறேன் என்று இன்றைக்குக் கேட்டால் சொல்லலாம், சாந்துக்குள்.

திரும்பவும் துடிக்கிறது. எத்தனையாவது, எண்ணுவதை விட்டுவிட்டான், எண்ணினால் பயம் கூடுகிறது. கையை உயர்த்து. உயர்த்தினால் மனோன் எல்லாவற்றையும் பிய்த்து எடுப்பாள், எடுத்துவிட்டு அம்மாவோடு கதைக்கலாம், கதைத்துவிட்டு நாளைக்குப் பெட்டிக்குள் படுக்கலாம், அப்பா இப்படிக் கிடக்கிற நேரத்தில் பிள்ளை பெட்டிக்குள் படுத்தான் என்று கேட்டால் அம்மா அந்த இடத்திலேயே விழுந்துவிடுவா. உயர்த்தாதே. உயர்த்தாவிட்டால் அந்த நேரம் பிள்ளை எங்கே இருந்தவன் என்று ஒருநாள் சனம் கேட்கும், செத்த முகம் செய்துகொண்டு இருந்தவன் என்று அம்மா சொல்லவேண்டி வரும். கை என்னவோ தன் இஷ்டத்துக்கு உயருவதுபோல ஒரு கணம் தோன்றியது, இல்லை, மடியில்தான் கிடக்கிறது, பெருவிரல் இன்னும் நலம் நலம் என்று நின்றபடி. அறைக்குள் யாரோ வந்தார்கள். ஒளிப்பதிவு நொர்மான், குரலில் தெரிகிறது. வந்தவன் குனிந்து, சாந்துக்கு அந்தப் பக்கம் இருந்து, ஏ அவெக்கு சா, முஸ்யே பாலா என்றான், உகரம் பிசகாமல். மனோன் அவனைச் சிரிக்க வைக்காதே என்று சிரித்தாள். எல்லாருக்கும் அது வரும். பேருந்தில் வரும், பள்ளிக்கூட முற்றத்தில் வரும், ஒரு மந்திரிகூட மேடையில் சொல்லிக் கைதட்டு வாங்கினார். அப்பாவின் கடைக்கு வந்த ஒருத்தி, நீங்கள் முஸ்யே பாலா மாதிரியே பேசுகிறீர்கள், இன்னொருக்கா சொல்லுங்கள், போனில் பிடிக்கிறேன் என்றாளாம். அப்பா சொன்னாரா என்று நிரூபன் கேட்டான். அப்பா சாமான் அடுக்கிக்கொண்டு இருந்தவர், திரும்பிப் பார்க்காமல், சொன்னனான், அதுக்கென்ன என்றார். அதற்குப் பிறகு அவர் அதைச் சொல்லி நிரூபன் கேட்டதில்லை. சாமானை வைத்தால் முகத்தைப் பார்ப்பார், புருவத்தை உயர்த்துவார், அவ்வளவுதான். கோபம் என்றால் கோபம் என்று சொல்லலாமே. ஒவ்வொரு திங்கள் இரவும் கல்லாவில் இருந்த சின்ன டீவியில் தொடரைப் பார்த்தவர்தானே. பார்த்துவிட்டு ஒரே ஒரு குறைதான் சொன்னார், கதவு மணி அடிச்சால் கடைக்காரன் நிமிருவான், உன்ரை ஆள் ஏன் நிமிருறேல்லை.

நிமிருறேல்லை. அதை அடுத்த வாரமே திருத்தினான். அப்பா சொன்னபடி முஸ்யே பாலா நிமிர்ந்தார், அப்பா சொன்னபடி தராசைத் துடைத்தார், சாவு ஒன்றைத்தான் அவன் அப்பாவைக் கேட்காமல் எழுதினான். நல்ல காட்சி அது, அப்படித்தான் எல்லாரும் சொன்னார்கள், வாசித்தபோது தயாரிப்பாளர் அம்மையாரின் கண் கலங்கியது. ஒரு சின்னப் பிள்ளை மிட்டாய் வாங்க வருகிறாள். முஸ்யே பாலா வழக்கம்போல இதோடு வேறென்ன என்று கேட்கிறார். பிள்ளை கொஞ்சம் யோசித்துவிட்டு, செ து, அவ்வளவுதான் என்கிறாள். அவ்வளவுதானா என்று அவர் சிரிக்கிறார், விழுகிறார். பத்து வருஷத்துக் கேள்விக்கு ஒரு பதில், கதவைச் சாத்துகிறமாதிரி. எழுதிய அன்று எழுந்து நின்று தன்னைத் தானே தட்டிக்கொள்ளாத குறை. இப்போது அந்த வரி இருட்டுக்குள் சுற்றிச் சுற்றி வருகிறது, அவ்வளவுதான், அவ்வளவுதான், ஸ்கான் அறையில் இருந்து வெளியே வந்து டாக்டர் அம்மாவுக்கு விளங்காத மொழியில் அதைத்தான் சொல்லியிருப்பார், அம்மா ஓம் ஓம் என்று தலையாட்டியிருப்பா, விளங்காதபோதெல்லாம் அவ அப்படித்தான், பிறகு நடைவழிக்கு வந்து போனை எடுத்து, எடுத்து, எடுத்து. சாந்து சூடாகிக்கொண்டு வந்தது. இறுகும்போது சூடாகும், பயப்படாதே என்று மனோன் முதலே சொல்லித்தான் இருந்தாள். கண்ணுக்குள் தண்ணீர் வந்தது, வெளியே போக வழியில்லாமல் இமைக்குள்ளேயே நின்று எரிந்தது. அழுதால் அச்சு கெடுமா என்று கேட்கவேண்டும், கேட்க வாய் இல்லை. அப்பாவுக்கும் இப்படித்தானே இருக்கும் என்று அப்போதுதான் நினைத்தான். எல்லாம் கேட்கும், எல்லாம் விளங்கும், சுற்றி நிற்பவர்கள் நல்ல மனதோடு குனிந்து நலமா நலமா என்று கேட்பார்கள், பெருவிரல் மட்டும் இருக்கும். மூன்று கிழமை. அவனுக்கு இன்னும் அரை மணிகூட ஆகவில்லை.

போன் நின்றுவிட்டது. அது துடித்ததைவிட நின்றது மோசம். துடி, துடி என்று தொடையைக் கெஞ்சினான். மனோன் வந்து தட்டிப் பார்த்தாள், சரி என்றாள், இப்போது முகத்தைச் சுழி, கன்னத்தை ஊது என்றாள். ஊதினான். விளிம்பெல்லாம் விட்டுக்கொடுத்தது, உறிஞ்சுகிற சத்தத்தோடு முகம் கழன்றது, வெளிச்சம் அடித்தது. "ஒரு துளிகூட அசையவில்லை," என்று அவள் அச்சைத் திருப்பி உட்பக்கம் காட்டினாள், "செத்தவன் தோற்றான், போ." அவன் பார்க்கவில்லை. நெகிழித் துணியை விலக்கிப் போனை எடுத்தான், வந்த அழைப்பெல்லாம் அம்மா. விரலில் களி ஒட்டியிருந்ததால் கண்ணாடி தொடுகைக்கு மறுத்தது, காற்சட்டையில் துடைத்தான், திரும்பவும் மறுத்தது. பிறகு அம்மாவுக்கு அழைப்புப் போனது.

"தம்பி, எங்கையடா போனனீ? எத்தினை தரம் எடுக்கிறது?"

"அம்மா, ஸ்கான் என்னவாம்?" உதடு மரத்துப்போய்ச் சொல் கொழகொழத்து வந்தது.

"ஸ்கானோ? அது ஒண்டுமில்லையாம், கசியேல்லையாம். நான் அதுக்கு எடுக்கேல்லை. அப்பா கதைச்சிட்டாரடா!"

அவன் நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டான். "என்ன கதைச்சவர்?"

"ஒரு நர்ஸ் பிள்ளை சாப்பாட்டுத் தட்டைக் கொண்டுவந்து வைச்சவ. வைச்ச உடனை அந்தப் பிள்ளையின்ரை முகத்தைப் பாத்து, ஏ அவெக்கு சா எண்டார். கடையிலை கேக்கிற மாதிரியே. பிறகு கூட்ட வந்தவளைக் கேட்டார். என்னைக் கேட்டார். இன்னும் கேட்டுக்கொண்டு இருக்கிறார், வேறை ஒண்டும் வருகுதில்லை, அது மட்டுந்தான். நர்ஸ் பிள்ளை சிரிச்சுச் சிரிச்சு மற்ற நர்ஸ்மாரையும் கூட்டிக்கொண்டு வந்து காட்டுறா. டீவியிலை வாற முஸ்யே பாலா மாதிரி அவர் செய்து காட்டுறாராம். நல்லா வருகுதாம்." அம்மாவின் குரல் தாழ்ந்தது. "இல்லைப் பிள்ளை, அது அவரின்ரை பேச்சு, என்ரை மகன்தான் அவரிட்டை எடுத்தவன் எண்டு சொல்லப் பாத்தன். எனக்கு அந்தளவுக்குப் பிரெஞ்சு வராது, தம்பி. கையாலை காட்டினன், அவையளுக்கு விளங்கேல்லை. நீ சொல்லன். இஞ்சை, குடுக்கிறன்."

போன் கை மாறியது. "நிசமாகவே நீங்களா?" என்றாள் ஒரு இளம் பெண், மூச்சு வாங்க. "உங்கள் அப்பா என்ன வேடிக்கையானவர்! நாங்கள் எல்லாரும் உங்கள் ரசிகர்கள். எனக்காக ஒரே ஒருக்கா நீங்களும் சொல்லுங்களேன்." கெட்டவள் இல்லை, குரலில் தெரிந்தது, அப்பாவின் போர்வையை இழுத்து விடுகிறவள் இவளாகத்தான் இருக்கும். அவளுக்கு விளக்க எங்கே இருந்து தொடங்குவது. தெரிவுக்குப் போன நாளில் இருந்தா. அவளுக்குப் பின்னால், கட்டில் பக்கமிருந்து, பலவீனமாக, ஆனால் உகரம் பிசகாமல் அந்தக் கேள்வி கேட்டது. யாரோ சிரித்தார்கள். கொஞ்சம் பொறுத்துத் திரும்பவும் கேட்டது. அப்போதுதான் நிரூபனுக்கு உறைத்தது. அப்பா வேடிக்கை காட்டவில்லை. அவர் கேட்கிறார். தட்டு வைத்ததில் இருந்து ஒவ்வொருவரையும் கேட்கிறார், ஒருவர்கூடப் பதில் சொல்லவில்லை.

"போனை அவருடைய காதில் வையுங்கள்," என்றான். "தயவுசெய்து."

சரசரப்பு. பிறகு மூச்சு, அப்பாவின் மூச்சு, பழக்கப்பட்ட மூச்சு. இதற்கு ஒரே ஒரு பதில்தான், கடைக்கு வருகிற எல்லாரும் சொல்வது, முடிந்தது என்றால் மனுஷன் நிம்மதியாகப் படுப்பார், இரண்டு சொல், அவனே எழுதி வைத்த செ து என்ற இரண்டு சொல். மரத்த உதடு அதற்குக் குவிந்தும்விட்டது. அதோடு அவர் நிறுத்திவிட்டால்? மீதியாய் இருக்கிற ஒரே சொல்லையும் அதன் வேலை முடிந்தது என்று உள்ளே வைத்துப் பூட்டிவிட்டால்?

"ஒரு லீற்றர் பால்," என்றான், பிரெஞ்சில், கடைக்கு வந்த ஆளைப்போல.

மூச்சு நின்று கேட்டது. "ஏ அவெக்கு சா?"

"ஒரு பாண்."

"ஏ அவெக்கு சா?" குரலில் ஒரு தெம்பு வந்துவிட்டிருந்தது. முதல் தரமாக வியாபாரம் நடக்கிறது.

"முட்டை. ஒரு பெட்டி."

நர்ஸ்மார் சிரிப்பதை நிறுத்திவிட்டார்கள். மனோன் அச்சைக் கையில் ஏந்தியபடி, இவன் யாருக்குச் சாமான் சொல்கிறான் என்று விளங்காமல் நின்றாள். புருவத்தில் ஒட்டியிருந்த களி காய்ந்து இழுத்தது. நெருப்புப்பெட்டி சொன்னான், டோர்ச் லைட்டுக்குப் பட்டறி சொன்னான், பனி உறைந்த படிக்கு எறிகிற உப்புச் சொன்னான், அப்பா ஒவ்வொன்றையும் எடுத்து வைத்துவிட்டு அவன் முகத்தைப் பார்ப்பதுபோல ஒரு கணம் விட்டுக் கேட்டார். கடையின் ஜன்னல் பக்கத்துத் தட்டு முடிந்தது. குளிர்ப்பெட்டி முடிந்தது. கல்லாவுக்குப் பின்னால் இருக்கிற சிகரெட்டும் முடிந்தது, அது சின்னக் கடைதானே.

"ஏ அவெக்கு சா?" என்றார் அப்பா.

நிரூபன் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு, மணி அடிக்கிற கதவில் இருந்து தொடங்கி, கடையை இன்னொரு தரம் சுற்றி வந்தான்.